காணாமல் போனவர் கட்டிய தவணை

மங்களாம்பிகை என் அறைக்கு வந்த அன்று மழை பெய்ததா என்று கேட்டால் என்னால் உறுதியாகச் சொல்ல முடியாது. பெய்ததாகத்தான் நினைத்துக்கொண்டிருக்கிறேன். ஜன்னல் கம்பியில் நீர் கோத்திருந்தது, தஞ்சாவூர் கீழவாசல் தெரு சேறாகியிருந்தது, அவர் குடையை எங்கே வைப்பதென்று தெரியாமல் கையிலேயே பிடித்திருந்தார். என் உதவியாளர் விண்ணரசியைக் கேட்டால், "குடையா? மண்டைய பொளக்குற வெயில் சார் அன்னைக்கு. அந்தக்கா கையில இருந்தது சார்ஜர்" என்கிறாள். அவள் சொல்வதே சரியாக இருக்கலாம். ஆற்றில் போன ஒருவரை நினைக்கும்போது என் நினைவு எல்லாவற்றையும் நனைத்துவிடுகிறது.

மங்களாம்பிகைக்கு ஐம்பது வயதிருக்கும். திருவையாற்றுக்காரர். நெற்றியில் பெரிய குங்குமம். பையிலிருந்து ஒரு பழைய போனை எடுத்து மேசைமேல் வைத்தார்.

"இது எங்க வீட்டுக்காரரு போனுங்க. அஞ்சு வருஷமா ஒரு நாளும் அணைய விட்டதில்ல."

கணவர் கோவிந்தராசு. சொந்தமாகக் கொஞ்சம், குத்தகைக்குக் கொஞ்சம் என்று நெல் விளைவித்தவர். ஐந்து வருஷத்துக்கு முன்னால், கொள்ளிடத்தில் தண்ணீர் கரைபுரண்டு போன ஒரு நாளில், அவருடைய பைக் கரையில் நின்றிருந்தது. பக்கத்தில் செருப்பு. பைக்கின் டேங்க் உறைக்குள் இந்தப் போன். ஆள் இல்லை. அணைக்கரை வரை தேடினார்கள். உடல் கிடைக்கவில்லை.

"அடுத்த மாசமே இது வந்துச்சு" என்று போனைத் திறந்து காட்டினார்.

'அன்புள்ள கோவிந்தராசு, தங்கள் வீட்டுக் கடனுக்கான இம்மாதத் தவணை பெறப்பட்டது. செலுத்திய இடம்: வேளாங்கண்ணி. நன்றி.'

அதற்கு மேலே இன்னொன்று. அதற்கும் மேலே இன்னொன்று. விரலால் தள்ளத் தள்ள அன்புள்ள கோவிந்தராசு வந்துகொண்டே இருந்தார்.

"நான் கட்டல. சொந்தக்காரங்க யாரும் கட்டல. செத்த மனுஷன் தவணை கட்டுவாரா சார்?"

"உயிரோட இருக்கறவங்களே கட்ட மாட்டேங்குறாங்க" என்றாள் விண்ணரசி. நான் அவளைப் பார்த்தேன். அவள் சுவரில் தொங்கிய காலண்டரைப் பார்த்தாள்.

மங்களாம்பிகைக்குக் கோபம் வரவில்லை. "எல்லாரும் பொட்டை எடுன்னாங்க. கருமாதி பண்ணுன்னாங்க. மாசாமாசம் பணம் கட்டுறவருக்கு நான் எப்படிங்க கருமாதி பண்றது? எங்கேயோ இருக்காரு. ஏன் வரலேன்னு தெரியல. எனக்கு வேற ஒண்ணும் வேணாம். இருக்காரா, இல்லையா. அதை மட்டும் சொல்லுங்க."

நான் முன்பு ஒரு காப்பீட்டு நிறுவனத்தில் விசாரணை அலுவலராக இருந்தவன், இப்போது தனியார் துப்பறிவாளன். இறந்தவர்கள் உயிரோடு இருப்பதைப் பலமுறை கண்டுபிடித்திருக்கிறேன். ஒரு முறைகூட அது யாருக்கும் நல்ல செய்தியாக இருந்ததில்லை.

"கடனைப் பத்தி உங்க வீட்டுக்காரர் என்ன சொல்லுவார்?"

"ஒத்தி மாதிரிதான்னு சொல்லுவாரு. நாங்க நிலத்தை ஒத்திக்கு விட்டுப் பழகினவங்க. வாங்குன பணம் வாங்குனதுதான், அது வளராது. பணம் குடுத்தவன் விளைச்சலை எடுத்துக்குவான். நாம பணத்தைத் திருப்பிக் குடுத்தா நிலம் நம்ம கைக்கு வந்துடும். இதுலயும் பன்னெண்டு லட்சம்னா பன்னெண்டு லட்சம், கட்டக் கட்டக் கழியும், அஞ்சு வருஷத்துல பாதி கழிஞ்சுடும்னாரு."

 காவிரிப் பக்கத்து விவசாயி கடன் என்ற சொல்லை இப்படித்தான் புரிந்துகொண்டிருக்கிறான். தவறு அவனுடையது என்று எனக்குத் தோன்றவில்லை.

கடனை வாங்கிக்கொடுத்த ஏஜெண்ட் குணசேகரன். மருத்துவக் கல்லூரிச் சாலையில், ஒரு மாடியில் அலுவலகம். விண்ணரசி காரை நிறுத்த இடம் தேடிச் சுற்றிக்கொண்டிருந்ததால் நான் மட்டும் ஏறினேன்.

குணசேகரன் எழுந்து நின்று வரவேற்றார். நல்ல சட்டை, கண்ணுக்குக் கீழே கருவளையம்.

"கோவிந்தராசு அண்ணனா? மறக்க முடியுமா சார். தங்கமான மனுஷன்."

"அவர் உயிரோடு இருக்கிறாரா?"

"தவணை வருதே சார். இருக்கறவர்தானே கட்டுவார்? குடும்பத்துல ஏதாவது மனஸ்தாபம் இருக்கும். தேடாம விடுறதுதான் நல்லது. அவ்வளவுதாங்க விஷயம்."

ஒவ்வொரு பேச்சையும் அவர் அந்த இரண்டு சொற்களில்தான் முடித்தார், பையின் வாயைச் சுருக்குக் கயிற்றால் இழுப்பதுபோல.

"இருபது வருஷக் கடன் இல்லையா? இன்னும் எத்தனை வருஷம் பாக்கி?"

"எட்டு வருஷம் சார்" என்றார். கணினிப் பக்கம் திரும்பவில்லை. காகிதம் எதையும் எடுக்கவில்லை. ஒருவர் தன் பிள்ளையின் வயதைச் சொல்வதுபோல் சொன்னார்.

நான் நன்றி சொல்லிவிட்டு இறங்கினேன்.

திருவாரூர் தாண்டும்வரை நான் பேசவில்லை. இரண்டு பக்கமும் சம்பா வயல் தண்ணீர் கட்டி நின்றது. வானம் அதில் தலைகீழாகக் கிடந்தது. அடியில் யாரோ படுத்திருந்து மேலே பார்ப்பதுபோல் எனக்குத் தோன்றிக்கொண்டே இருந்தது.

"சார், நீங்க பேசாம வந்தா எனக்குப் பயமா இருக்கு. ரேடியோவாவது போடட்டுமா?"

"வேணாம்."

"சரி, நான் பேசுறேன். நானும் என் வீட்டுக்காரரும் நாஞ்சிக்கோட்டையில ஒரு வீடு பாக்குறோம். லோன்காரன் சொல்றான், முப்பது வருஷம் எடுங்க மேடம், தவணை தெரியவே தெரியாதுன்னு. முப்பது வருஷம் கழிச்சு எனக்குக் கண்ணே தெரியாது, அப்புறம் தவணை எங்க தெரியும்?"

எனக்குச் சிரிப்பு வந்திருக்க வேண்டும். "கோவிந்தராசு கடன் வாங்கிப் பத்து வருஷமாச்சு. இருபது வருஷக் கடன். இன்னும் எத்தனை வருஷம் பாக்கி?" என்று கேட்டேன்.

"இது என்ன ஒண்ணாங்கிளாஸ் கணக்கு. பத்து."

நான் மறுபடி மௌனமானேன். அவள் ரேடியோவைப் போட்டாள்.

வேளாங்கண்ணியில் மொட்டைத் தலைகளும் மெழுகுவர்த்தி விற்பவர்களும் நெருக்கியடித்தார்கள். ஒருவர் தன்னை ஒளித்துக்கொள்ள இதைவிட நல்ல ஊர் கிடையாது. எல்லாரும் வெளியூர்க்காரர்கள். யாரும் யாரையும் நினைவு வைத்துக்கொள்வதில்லை.

கடன் கொடுத்த நிதி நிறுவனத்துக்கு அங்கே கிளை இல்லை. அதன் பெயரில் பணம் வாங்கும் கடை ஒன்றுதான் இருந்தது. போன் ரீசார்ஜ், பஸ் டிக்கெட், தவணை எல்லாம் ஒரே மேசையில். நடத்துபவர் மெஹராஜ் பேகம், நாகூர்க்காரர். கோவிந்தராசு என்று சொன்னதுமே தலையை ஆட்டினார்.

"அஞ்சாம் தேதி ஆனா வந்துடுவாரு. மாஸ்க்கும் தொப்பியும் போட்டிருப்பாரு. கொரோனா போயி எவ்வளவு நாளாச்சு, இன்னும் மாஸ்க்கான்னு கேட்டேன். தூசி ஆகாதுன்னாரு. பாவம், நல்ல மனுஷன். சில்லறை சரியா கொண்டாருவாரு."

விண்ணரசி கோவிந்தராசுவின் படத்தைக் காட்டினாள். பேகம் நெடுநேரம் பார்த்தார்.

"கண்ணு மட்டும்தானே பார்த்திருக்கேன். இருக்கலாம். உசரம் இவ்வளவுதான் இருக்கும்."

விண்ணரசி என் கையைப் பிடித்து அழுத்தினாள். "சார், ஆளு இருக்காரு. இங்கதான் இருக்காரு. அந்தக்காகிட்ட இப்பவே சொல்லிடட்டுமா?"

அவள் போனை எடுத்துவிட்டாள். நான் தடுத்தேன். "அவர் உங்ககிட்ட என்ன பேசுவார்?" என்று பேகத்திடம் கேட்டேன்.

"எல்லாரும் இன்னும் எவ்வளவு பாக்கின்னு கேப்பாங்க. இவரு மட்டும், இந்த மாசம் அசலுக்கு எவ்வளவு போச்சு, வட்டிக்கு எவ்வளவு போச்சுன்னு கேப்பாரு. எனக்கென்ன தெரியும்? நடுநடுவுல தவணைக்கு மேலயும் கட்டுவாரு. எல்லாம் சேர்ந்து ரெண்டு லட்சம் இருக்கும். கட்டும்போதெல்லாம் ஒரே பாட்டு. 'தவணையைக் குறைக்க வேணாம், வருஷத்தைக் குறைக்கச் சொல்லிப் போடுங்க'ம்பாரு."

நான் வெளியே வந்து கடலைப் பார்த்தபடி நின்றேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. விண்ணரசி இரண்டு தேநீர் வாங்கி, இரண்டையும் அவளே குடித்துவிட்டாள்.

"சார், ஒண்ணு சொல்லுங்க, இல்ல இன்னொரு டீக்குக் காசு குடுங்க."

"அசலை வட்டியிலிருந்து பிரிச்சுக் கேட்கிற ஆளா கோவிந்தராசு? வாங்கின பணம் வளராதுன்னு நம்பினவர் அவர்."

"ஒரு தடவை அடிபட்டவருக்குப் புத்தி வராதா? யாராவது சொல்லிக் குடுத்திருக்கலாம்."

"வரலாம். ஆனா கார்ல உன்கிட்ட ஒரு கேள்வி கேட்டேனே. எத்தனை வருஷம் பாக்கி? நீ பத்துன்னே. கடன் வாங்கின எல்லாரும் அப்படித்தான் கழிப்பாங்க. ஆனா நடுவுல வட்டி ஏறிச்சு. கம்பெனி தவணையை ஏத்தல, அதே பதினோராயிரத்துச் சொச்சம். ஏத்தாதது நம்ம நல்லதுக்குன்னு ஜனங்க நினைச்சாங்க. தவணைக்குப் பதிலா வருஷத்தை இழுத்துவிட்டுட்டாங்க. தொழில் தெரிஞ்ச எவனைக் கேட்டாலும், அந்த வருஷத்துக் கடனுக்கு இன்னும் பதினாலு வருஷம் இருக்குன்னு சொல்லுவான்."

"அடப்பாவிங்களா. பத்து வருஷம் கட்டியும் இன்னும் பதினாலா?"

"ஆமா. ஆனா ஒருத்தர் நடுநடுவுல ரெண்டு லட்சம் கூடுதலா கட்டி, அதை வருஷத்தில் கழிக்கச் சொல்லியிருந்தா?"

அவள் போனில் கணக்குப் போட்டாள். உதடு அசைந்தது. "எட்டு. கிட்டத்தட்ட எட்டு வருஷம் சார்."

"தெரியாதவனுக்குப் பத்து. தெரிஞ்சவனுக்குப் பதினாலு. கட்டுறவனுக்கு மட்டும் எட்டு. இன்னைக்குக் காலையில் ஒருத்தர் எந்தக் காகிதத்தையும் பார்க்காம என்கிட்ட எட்டுன்னு சொன்னார்."

விண்ணரசி கொஞ்ச நேரம் பேசவே இல்லை. அவளைப் பொறுத்தவரை அது ஒரு சாதனை.

பிறகு கடைக்குள் போய் ஸ்பீக்கரைப் போட்டுக் குணசேகரனின் எண்ணை அழுத்தினாள். பேகத்திடம் உதட்டில் விரல் வைத்துக் காட்டினாள்.

"ஹலோ சார், நாஞ்சிக்கோட்டையில வீடு பாத்திருக்கோம். லோன் வேணும். பத்து வருஷத்துல முடிச்சிடலாமான்னு..."

"பத்து வருஷமா? எதுக்கு மேடம் அவ்வளவு கஷ்டம்?" குணசேகரனின் குரல் தேனாக வழிந்தது. "தவணை எகிறிடும். முப்பது போட்டுக்குங்க. கையில காசு நிக்கும், பிள்ளைங்களை நல்லா படிக்க வைக்கலாம். வருஷம் கூடுனா கூடட்டுமே, என்ன இப்ப?"

மெஹராஜ் பேகம் ரசீதுக் கட்டைக் கீழே வைத்தார். முகம் மாறியது. அவருடைய உதடுகள் சத்தமில்லாமல் அசைந்தன. அரை நொடி கழித்து அதே சொற்கள் போனிலிருந்து வந்தன.

"அவ்வளவுதாங்க விஷயம்."

விண்ணரசி அழைப்பைத் துண்டித்தாள்.

"அவரேதான்" என்றார் பேகம். "ஆனா எனக்கு ஒண்ணு புரியல தங்கச்சி. எங்கிட்ட வந்து வருஷத்தைக் குறைங்கன்னு அந்தக் கெஞ்சு கெஞ்சுவாரு. உங்கிட்ட ஏன் கூட்டச் சொல்றாரு?"

அன்று விளக்கு வைக்கும் நேரத்துக்குத் தஞ்சாவூர் திரும்பி, நேராக அந்த மாடி அலுவலகத்துக்குப் போனோம். குணசேகரன் விண்ணரசியின் குரலைக் கேட்டதும் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். நான் மூன்று பதில்களையும் சொன்னேன். அவர் மறுக்கவில்லை. யாராவது வந்து கேட்கமாட்டார்களா என்று காத்திருந்தவரைப்போல இருந்தார்.

"கடனுக்கு இன்ஷூரன்ஸ்னு நாப்பத்தஞ்சாயிரம் கையில வாங்கினேன் சார். ஆள் போயிட்டா கடனை இன்ஷூரன்ஸ் கட்டிடும்னு சொன்னேன். கட்டல. பையன் ஃபீசுக்கு எடுத்துட்டேன். பாலிசின்னு ஒரு பேப்பர் பிரிண்ட் பண்ணிக் குடுத்தேன். யாரு சாகப்போறான்னு நினைச்சேன்."

"அவர் போன அன்று இங்கே வந்தார், இல்லையா?"

 கீழே சாலையில் பஸ்கள் போய்க்கொண்டிருந்தன.

"வந்தார். அஞ்சு வருஷத்துல ஆறே முக்கால் லட்சம் கட்டியிருக்கேன், பாக்கி அஞ்சே காலு, நிலத்துக்கு அட்வான்ஸ் வாங்கியாச்சு, பத்திரத்தை எடுத்து வைங்கன்னார். நான் கம்ப்யூட்டரைத் திருப்பிக் காட்டினேன். பத்து லட்சத்து எழுபதாயிரம் நிக்குது. கட்டினதுல ஒண்ணே கால் லட்சத்துக்கு மேல கொஞ்சம்தான் அசலுக்குப் போச்சு, மிச்சமெல்லாம் வட்டின்னு சொன்னேன். அவர் கத்தல சார். கத்தியிருக்கலாம். 'இன்னொரு தடவை சொல்லுங்க தம்பி'ன்னார். சொன்னேன். 'அப்ப இவ்வளவு நாளா நான் என்ன கட்டினேன்?'னு கேட்டார். எழுந்து போயிட்டார்."

"அவரே குதித்தாரா, வழுக்கினாரா?"

"தெரியாது. அஞ்சு வருஷமா அதைத்தான் நினைச்சுக்கிட்டிருக்கேன்."

மிச்சத்தை அவர் கோவையாகச் சொல்லவில்லை. நான் சேர்த்துக்கொண்டது இது. தவணை நின்றால் கம்பெனி ஆட்கள் வீட்டுக்குப் போவார்கள். பாலிசிப் பேப்பர் வெளியே வரும். காணாமல் போனவர் ஏழு வருஷம் திரும்பாவிட்டால் கோர்ட்டில் இறந்தவராக அறிவிக்கச் சொல்லிக் கேட்கலாம். அதற்குள் கடனையே முடித்துவிட்டால் யாரும் பாலிசியைத் தேடமாட்டார்கள் என்று கணக்குப் போட்டு, தன்னை யாருக்கும் தெரியாத வேளாங்கண்ணியில் குணசேகரன் கட்ட ஆரம்பித்தார். முதல் இரண்டு வருஷம் அசல் அசையவே இல்லை. பிறகு வட்டி ஏறியது. மனைவியின் நகையை விற்றுக் கூடுதலாகக் கட்டினார்.

"எட்டரை லட்சத்துக்கு மேல கட்டிட்டேன் சார். இன்னும் ஏழு லட்சம் நிக்குது" என்றார் குணசேகரன். "எத்தனையோ பேருக்கு லோன் போட்டுக் குடுத்திருக்கேன். இது இப்படிக் கடிக்கும்னு நான் கட்டுறப்பதான் தெரிஞ்சுது."

"தெரிஞ்ச பிறகும் எனக்கு முப்பது வருஷம் போடச் சொன்னீங்களே சார்" என்றாள் விண்ணரசி. அதில் கிண்டல் இல்லை. 

மறுநாள் காலை திருவையாறு போனோம். கடன் வாங்கிக் கட்டிய வீடு அது. முன்சுவரில் இன்னும் பூச்சு முடியவில்லை. உள்ளே சாமி படங்களுக்குக் கீழே போன் சார்ஜரில் கிடந்தது. பச்சைப் புள்ளி மின்னிக்கொண்டிருந்தது.

எப்படிச் சொன்னேன் என்று நினைவில்லை. சுருக்கமாகச் சொன்னதாக விண்ணரசி சொல்கிறாள். சொல்லி முடித்ததும் வீட்டில் சத்தமே இல்லை. எனக்கு மௌனம் பழக்கம்தான். அந்த மௌனம் மட்டும் பழகியதாக இல்லை.

"மாசாமாசம் வந்தது அவரில்லையா?"

"இல்லைங்க."

"மெசேஜ் வந்த அன்னைக்கெல்லாம் பாயசம் வெச்சேன் சார்" என்றார் மங்களாம்பிகை. "ஒரு டம்ளர் அவருக்குன்னு எடுத்து வெப்பேன்."

விண்ணரசி போய் அவர் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள். 

"அப்ப இல்லை" என்றார் அவர். என்னிடம் கேட்கவில்லை. எழுந்து போய்ச் சார்ஜரைப் பிடுங்கினார். போனைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார். பிறகு எதையோ மறந்தவர்போல மறுபடியும் செருகினார்.

"பாதியில நிக்குதுங்க. நிறையட்டும். எடுத்துடுறேன்."

குணசேகரன் இரண்டு நாள் கழித்து என்னோடு காவல் நிலையத்துக்கு வந்து தானே எழுதிக்கொடுத்தார். ஜாமீனில் இருக்கிறார், வழக்கு நடக்கிறது. அலுவலகத்தை மூடிவிட்டார். மங்களாம்பிகை கருமாதி செய்தார். வீட்டை விற்றுக் கடனை முடித்தார். மிஞ்சிய பணத்தை வங்கியில் போட்டுவிட்டு, திருவையாற்றிலேயே வாடகைக்கு இருக்கிறார். நிலத்தை விற்கவில்லை, குத்தகைக்கு விட்டிருக்கிறார். மெஹராஜ் பேகம் அதே கடையை நடத்துகிறார், மாஸ்க் போட்டு வருபவர்களிடம் பெயர் கேட்கிறார். விண்ணரசி பத்து வருஷத் தவணையில் நாஞ்சிக்கோட்டை வீட்டை வாங்கினாள். மாதம் பிறந்தால் சம்பளத்தை உயர்த்தச் சொல்லி என்னை வாட்டுகிறாள். கோவிந்தராசுவின் உடல் இன்றுவரை கிடைக்கவில்லை.